சாண்டோரினியில் தனிப் படகில் அரை நாள்: முதல் தடவை போகிறவர்களுக்கு

விளம்பரத்தில் அரை நாள் என்று போட்டிருக்கும். கையில் கிடைப்பது 5 மணி நேரம். கிரீஸின் சாண்டோரினித் தீவில் பெரும்பாலான படகுக்காரர்கள் இந்தக் கணக்கில்தான் ஓட்டுகிறார்கள். காலைப் பயணம் பத்து, பத்தரைக்குக் கிளம்பி மூன்று, மூன்றரைக்கு முடியும். மாலைப் பயணம் மூன்று மணி வாக்கில் கிளம்பி சூரியன் மறைந்ததும் கரை சேரும். பெரிய படகில் நாற்பது ஐம்பது பேரோடு போனாலும் இதே கடல், இதே பாறை, இதே வெந்நீர் ஊற்றுதான். தனிப் படகுக்குக் கூடுதலாகக் கொடுக்கிற பணம் வேறு ஒன்றுக்கு. எங்கே நிற்பது, எவ்வளவு நேரம் நிற்பது, எப்போது சாப்பிடுவது என்று நீங்கள் சொல்லலாம். சொல்லத் தெரியாமல் ஏறினால் அந்தப் பணம் தண்டம்.

நான் இரண்டு தடவை போயிருக்கிறேன். முதல் தடவை நானும் மனைவியும் மட்டும். இரண்டாவது தடவை ஊரிலிருந்து வந்திருந்த அம்மா, அப்பா, மச்சான், ஏழு வயது மகள் என்று ஆறு பேர். முதல் தடவை செய்த தப்புகளை இரண்டாவது தடவை சரிசெய்தோம், புதிதாக ஒன்றிரண்டு செய்தோம்.

முதலில் தலைகளை எண்ணுங்கள்

இரண்டு பேர் மட்டும் என்றால் தனிப் படகு வேண்டாம் என்பதுதான் என் அபிப்பிராயம். தேனிலவு, இருபத்தைந்தாம் கல்யாண நாள் என்று காரணம் இருந்தால் அது வேறு கதை. கோடையில் பகிர்வுப் படகில் ஒரு தலைக்கு 100 முதல் 200 யூரோ வரை ஆகும். தனிப் படகு சின்னது என்றால் தோராயமாக 800, 1,000 யூரோவில் தொடங்கும். ஜூலை, ஆகஸ்டில் நல்ல கட்டமரான் (இரட்டை உடல் படகு) 2,000 யூரோவைத் தாண்டுவதும் சகஜம். ஆறு பேர் தலைக்கு 150 கொடுத்தால் 900 ஆகிவிடுகிறது. அப்புறம் தனிப் படகுக்கும் அதற்கும் பெரிய வித்தியாசம் இல்லை. வயதானவர்களோ சின்னப் பிள்ளைகளோ கூட வந்தால் யோசிக்கவே வேண்டாம், தனிப் படகுதான். அப்பாவுக்குத் தலைசுற்றினால் பத்து நிமிடம் நிறுத்தச் சொல்ல முடிகிறதே, அது ஒன்று போதும்.

இங்கே ஒரு வார்த்தை விவகாரம் இருக்கிறது. 'பிரைவேட்' என்று போட்டால் படகு முழுக்க உங்களுக்கு. 'செமி-பிரைவேட்' என்று போட்டால் பத்துப் பதினைந்து அந்நியர்களோடு நீங்கள். முதல் தடவை அந்த 'செமி' என் கண்ணில் படவே இல்லை. படகில் ஏறும்போது செருப்பைக் கழற்றி ஒரு பிரம்புக் கூடையில் போடச் சொல்வார்கள். குனிந்து பார்க்கிறேன், கூடையில் ஏற்கெனவே நாலைந்து ஜோடி வெள்ளை ஷூ கிடக்கிறது. மாலுமிகளுடையது போலிருக்கிறது என்று மனைவியிடம் சொன்னேன். மாலுமிகள் இரண்டு பேரும் வெறுங்காலோடு எங்கள் எதிரில் நின்றுகொண்டிருந்தார்கள். போய் ஏஜெண்டிடம் சண்டை போட்டும் பயனில்லை. அவர் அனுப்பிய ரசீதில் அந்தச் சின்ன வார்த்தை பளிச்சென்று இருந்தது.

எந்த மாதம், எந்த நாள்

படகுகள் ஓடுவது பெரும்பாலும் ஏப்ரலில் இருந்து அக்டோபர் வரை. ஜூலை, ஆகஸ்ட் மாதங்களில் வெயிலைவிட முக்கியமான விஷயம் மெல்டெமி. ஏஜியன் கடல் முழுக்க வடக்கிலிருந்து அடிக்கிற கோடைக் காற்று இது. வானம் கண்ணாடி மாதிரி தெளிவாக இருக்கும், ஒரு மேகம்கூட இருக்காது, ஆனால் கடல் கொந்தளிக்கும். நம் ஊரில் மழையும் இருட்டும் இல்லாமல் கடல் கோபப்படும் என்று நாம் எதிர்பார்ப்பதில்லை. அதனால்தான் ரத்து என்று செய்தி வந்ததும் நம் ஆட்கள் ஜன்னலைத் திறந்து வானத்தைப் பார்த்துவிட்டு, ஏமாற்றுகிறான் என்கிறார்கள்.

காற்றை அவர்கள் பொஃபோர் என்ற அளவில் சொல்வார்கள். 3 வரை சுகம். 4 என்றால் படகு ஆடும், தாங்கலாம். 5 என்றால் வயிறு பலமாக இருப்பவர்களுக்கு மட்டும். 6 என்பது மணிக்கு ஏறக்குறைய 40 முதல் 50 கிலோமீட்டர் வேகம். அந்த அளவு வந்தால் சின்னப் படகுகள் கிளம்பாது. தனிப் படகுக்கு எவ்வளவு காசு கொடுத்தாலும் காற்று மட்டும் உங்கள் பேச்சைக் கேட்காது.

ஆகவே, தீவில் நான்கு நாள் தங்குகிறீர்கள் என்றால் படகை இரண்டாம் நாளில் வையுங்கள், கடைசி நாளில் வைக்காதீர்கள். ரத்தானால் மூன்றாம் நாள் போகலாம், நான்காம் நாளும் கையில் இருக்கும். கடைசி நாளில் வைத்து, அதுவும் ரத்தாகி, பணம் திரும்பி வந்தாலும் மனசு வராமல் விமானம் ஏறியவர்களை எனக்குத் தெரியும்.

என்னைக் கேட்டால் செப்டம்பர் இரண்டாம் பாதிதான் சரியான காலம். காற்று தணியத் தொடங்கும். கோடை முழுக்க வெயில் வாங்கிய கடல் அப்போதும் 23, 24 டிகிரியில் இருக்கும். மே மாதம் பார்க்க அழகு, ஆனால் தண்ணீர் 19 டிகிரி வாக்கில் இருக்கும். மெரினாவில் கால் நனைத்தவர்கள் அதில் குதித்தால் மூச்சு ஒரு நிமிடம் நின்றுவிடும்.

இந்தியக் கடவுச்சீட்டில் வருகிறவர்களுக்கு ஷெங்கன் விசா வேண்டும். பெரியவர்களுக்குக் கட்டணம் 90 யூரோ. விசா கைக்கு வருவதற்கு முன்னால் படகுக்கு முழுப் பணம் கட்டாதீர்கள்.

காலையா, மாலையா

எல்லாரும் மாலைதான் கேட்பார்கள், சூரிய அஸ்தமனத்துக்காக. ஜூன் கடைசியில் அங்கே சூரியன் மறைய இரவு எட்டே முக்கால் ஆகிவிடும். அக்டோபர் தொடக்கத்தில் ஏழு மணிக்கே மறையும். ஆகையால் கிளம்பும் நேரம் மாதத்துக்கு மாதம் மாறும், பதிவு செய்யும்போது கேட்டுக்கொள்ளுங்கள்.

மாலைக்கு இன்னொரு நியாயமும் உண்டு. ஃபிரா, ஓயா ஊர்கள் எல்லாம் மேற்கைப் பார்த்து நிற்கிற செங்குத்துப் பாறையின் உச்சியில் இருக்கின்றன. காலையில் சூரியன் அவற்றுக்குப் பின்னால் இருக்கும். கடலிலிருந்து பார்த்தால் பாறை முழுக்க நிழல், படம் எடுத்தால் கறுப்பாகத்தான் விழும். பிற்பகலில்தான் பாறையின் சிவப்பும் கறுப்பும் சாம்பலும் தனித்தனியாகத் தெரியும்.

காலைக்கு நியாயம் வேறு. மெல்டெமி பெரும்பாலும் மதியத்துக்கு மேல்தான் வலுக்கும். குழந்தைகள் தூங்கி எழுந்து புதிதாக இருப்பார்கள். விலையும் சற்றுக் குறைவு. நாங்கள் ஆறு பேர் போனபோது காலையை எடுத்தோம். மச்சான் மட்டும் அஸ்தமனம் போச்சே என்று முணுமுணுத்தான். அன்று மாலை அவனை ஓயாவுக்கு அனுப்பிவைத்தோம். கூட்டத்தில் யாருடைய தோள் இடுக்கிலோ பாதிச் சூரியனைப் பார்த்துவிட்டு வந்தான்.

என்ன படகு

நான்கு வகை கிடைக்கும். ரப்பர் விளிம்பு வைத்த வேகப்படகு குறைந்த நேரத்தில் நிறைய இடம் காட்டும். ஆனால் ஒவ்வோர் அலையிலும் முதுகெலும்பில் ஒரு குத்து விழும், முதுகு வலிக்காரர்கள் பக்கத்திலேயே போகக் கூடாது. மோட்டார் யாட் சொகுசு, எரிபொருள் செலவால் விலை எகிறும். மரத்தில் செய்த பழைய பாணிப் படகு பார்க்க லட்சணமாக இருக்கும், மெதுவாகப் போகும். நான்காவது கட்டமரான். குடும்பத்தோடு போகிறவர்கள் இதை எடுங்கள். இரண்டு உடல் உள்ள படகு என்பதால் ஆட்டம் குறைவு, நடமாட இடம் அதிகம், முன்பக்கம் இரண்டு உடலுக்கும் நடுவில் வலை கட்டியிருப்பார்கள், அதில் படுத்துக்கொண்டே போகலாம்.

ஆமாம், நம்ம கட்டுமரம்தான். அந்தச் சொல் சோழமண்டலக் கடற்கரையிலிருந்து ஐரோப்பியர் வாயில் ஏறிப் போய், கிரேக்கத் தீவு வரைக்கும் சேர்ந்திருக்கிறது. அப்பா இதைப் படகோட்டிக்கு விளக்கினார். கட்டியது இல்லை, மரமும் இல்லை, எல்லாம் ஃபைபர்கிளாஸ், பெயர் மட்டும் எங்களுடையது என்று நான் மொழிபெயர்த்தேன். அவர் சிரித்துவிட்டுச் சுக்கானை ஐந்து நிமிடம் அப்பா கையில் கொடுத்தார். தனிப் படகில் இதெல்லாம் நடக்கும்.

நாமே ஓட்டுகிற வாடகைப் படகும் உண்டு. கிரீஸில் 30 குதிரைத்திறன் வரைக்கும் உரிமம் தேவையில்லை என்பதால் ஆசை வரும். சாண்டோரினியில் முதல் தடவையே அதைச் செய்யாதீர்கள். காற்று ஒரு பக்கம், பெரிய ஃபெர்ரிகள் கிளப்பிவிடும் அலை ஒரு பக்கம்.

பணம் கட்டும் முன்

கேள்விகளை மின்னஞ்சலில் கேட்டு, பதிலையும் எழுத்தில் வாங்குங்கள். தொலைபேசியில் எல்லாம் 'நோ பிராப்ளம்'தான்.

படகில் எங்களைத் தவிர வேறு பயணிகள் உண்டா? எரிபொருள், வரி, சாப்பாடு, பானம், ஓட்டலிலிருந்து கூட்டிப்போய்த் திரும்ப விடுவது, எல்லாம் சேர்த்த விலையா? எங்கே கிளம்பி எங்கே முடியும்? காற்றால் ரத்தானால் முழுப் பணமும் திரும்புமா, அல்லது வேறு நாள்தான் தருவார்களா? பாதி வழியில் காற்று மாறித் திரும்ப நேர்ந்தால் என்ன கணக்கு? என் ஏழு வயது மகளுக்கு அளவான லைஃப் ஜாக்கெட் இருக்கிறதா? 'குழந்தைகளுக்கு இருக்கிறது' என்ற பதிலோடு விடாதீர்கள், வயதும் எடையும் சொல்லிக் கேளுங்கள்.

சைவம் என்றால் அதையும் விரித்து எழுதுங்கள். வெஜிடேரியன் என்று ஒரு வார்த்தையில் சொன்னால் மீனை வைத்துவிடக்கூடும். இறைச்சி, கோழி, மீன், இறால், முட்டை வேண்டாம் என்று பட்டியல் போடுங்கள். கறி சுடுகிற அதே கம்பியில் எங்கள் காய்கறியைச் சுட வேண்டாம் என்பதையும் சேர்த்துக்கொள்ளுங்கள். அவர்கள் முகம் சுளிப்பதில்லை. கிரேக்கர்களுக்கு நோன்பு நாட்கள் நிறைய உண்டு, இறைச்சியும் பாலும் இல்லாத சமையல் அவர்களுக்குப் புதிதல்ல.

கடைசியாக வழித்தடம். இதைத்தான் அதிகம் பேர் கோட்டை விடுகிறார்கள். அவர்கள் பட்டியலில் ஏழெட்டு இடம் இருக்கும். ஐந்து மணி நேரத்தில் ஏழெட்டு இடம் என்றால் எதிலும் நிற்க முடியாது. நீந்த மூன்று இடம், மற்றதைக் கடந்துபோகும்போது பார்த்தால் போதும் என்று முன்கூட்டியே சொல்லிவிடுங்கள்.

துறைமுகத்துக்குப் போவது

பெரும்பாலான கட்டமரான்கள் தெற்கே விலிஹாடா என்ற சின்னத் துறையிலிருந்து கிளம்பும். சில ஓயாவுக்குக் கீழே உள்ள அம்மூதியிலிருந்து. ஃபெர்ரி வந்து நிற்கும் அத்தினியோஸ் வேறு, ஃபிராவுக்குக் கீழே கேபிள் கார் இறங்கும் பழைய துறை வேறு. இந்த நான்கையும் குழப்பிக்கொண்டு தவறான துறையில் போய் நிற்பது அங்கே தினசரி நடக்கிற கூத்து. ஊர்ப் பெயரிலும் ஒரு சிக்கல். நாம் ஓயா என்று எழுதுகிறோம், அவர்கள் வாயில் அது 'ஈயா'. டாக்ஸிக்காரரிடம் அப்படிச் சொன்னால் ஒரே தடவையில் புரியும்.

பேருந்து எல்லாம் ஃபிரா வழியாகத்தான், அங்கே மாறித்தான் போக வேண்டும். டாக்ஸி கோடையில் கிடைப்பது அரிது. எனவே கூட்டிப்போகும் வண்டியை விலையிலேயே சேர்த்துக்கொள்வது நல்லது. விலிஹாடாவுக்கு அரை மணி முன்னதாகப் போய்ச் சேர்ந்தால் வீணில்லை. துறைக்குப் பக்கத்தில் காற்று அரித்த சாம்பல் குன்றுகள் மெழுகு உருகி வழிந்தது போல நிற்கும். பழைய தக்காளித் தொழிற்சாலை ஒன்றையும் அருங்காட்சியகமாக வைத்திருக்கிறார்கள்.

பையில் என்ன

அடர் நிறத்தில் நீச்சல் உடை. காரணம் வெந்நீர் ஊற்றுக்கு வரும்போது சொல்கிறேன். பெண்களுக்கு முழு நீள நீச்சல் உடையோ, நைலான் லெக்கிங்ஸும் டீ ஷர்ட்டுமோ போதும். பருத்திச் சுடிதாரோடு மட்டும் தண்ணீரில் இறங்காதீர்கள். நனைந்த பருத்தி கல் மாதிரி கனக்கும், காலைச் சுற்றிக்கொள்ளும். மேலே போட்டுக்கொள்ள ஒரு காற்றுத் தடுப்புச் சட்டை, ஆகஸ்டிலும்கூட. தாடைக்குக் கீழே கயிறு கட்டுகிற தொப்பி. கயிறு இல்லாத தொப்பி முதல் பதினைந்து நிமிடத்தில் கடலுக்குப் போகும், மச்சானுடையது போனது. சன்ஸ்கிரீன் நமக்கு எதற்கு என்று நினைக்கிறவர்கள் மறுநாள் மூக்குத் தோல் உரியும்போது நினைத்துக்கொள்வார்கள். துண்டும், தண்ணீருக்குள் பார்க்கிற முகமூடியும், மூச்சு விடுகிற குழாயும் (ஸ்நார்கல்) படகிலேயே தருவார்கள்.

வாந்தி மாத்திரை விஷயத்தில் ஊரிலிருக்கும்போதே டாக்டரிடம் கேட்டு வாங்கிக்கொள்ளுங்கள். படகு ஆடத் தொடங்கிய பிறகு போட்டுப் புண்ணியமில்லை, ஏறுவதற்கு முன்பே போட வேண்டும். வெறும் வயிற்றோடும் வராதீர்கள், மூக்குப் பிடிக்கச் சாப்பிட்டுவிட்டும் வராதீர்கள். தலை சுற்றினால் அறைக்குள் போய்ப் படுக்காதீர்கள், அது இன்னும் மோசமாக்கும். வெளியே, படகின் பின்பக்கத்தில் உட்கார்ந்து தொடுவானத்தைப் பாருங்கள். செல்பேசியைப் பார்க்காதீர்கள்.

ஏறியதும்

செருப்பு கூடைக்குள். படகோட்டி ஐந்து நிமிடம் பாதுகாப்பு விளக்கம் சொல்வார், அதைக் கவனமாகக் கேளுங்கள். லைஃப் ஜாக்கெட் எங்கே இருக்கிறது, யாராவது விழுந்தால் என்ன செய்ய வேண்டும் என்பதெல்லாம் அதில் வரும். நீச்சல் தெரியாதவர்கள் யார் யார் என்று கேட்பார். வெட்கப்படாமல் கையைத் தூக்குங்கள். எங்கள் ஆறு பேரில் நான்கு பேர் தூக்கினோம்.

அடுத்தது கழிப்பறை. படகுக் கழிப்பறையில் காகிதத்தைப் போடவே கூடாது, பக்கத்தில் இருக்கும் கூடையில்தான் போட வேண்டும். பம்பை எப்படி இயக்குவது என்று கிளம்பும் முன்னே காட்டச் சொல்லுங்கள். அடைத்துக்கொண்டால் மீதி நேரத்துக்கு ஆறு பேருக்கும் கழிப்பறை இல்லை. தண்ணீர்க் குழாய் இருக்காது. ஒரு காலி பாட்டிலில் தண்ணீர் நிரப்பி வைத்துக்கொள்வது நம் வழக்கப்படி உத்தமம்.

தெற்குக் கரையோரமாக

விலிஹாடாவிலிருந்து மேற்கே போனால் முதலில் சிவப்புக் கடற்கரை. இரும்புச் சத்துள்ள எரிமலைக் கசடு அப்படியே செங்கல் நிறத்தில் நிற்கிறது. மேலிருந்து பாறை சரிவதால் நடந்து போகிறவர்களுக்கு எச்சரிக்கைப் பலகை வைத்திருக்கிறார்கள். கடலிலிருந்து பார்ப்பதுதான் அழகும் பாதுகாப்பும். அதற்குப் பின்னால் மேட்டில்தான் அக்ரோத்திரி. ஏறக்குறைய 3,600 ஆண்டுகளுக்கு முன் எரிமலைச் சாம்பலில் புதைந்த ஊர், 1967-இல் ஸ்பிரிடோன் மரினாதோஸ் தோண்டத் தொடங்கினார். அதை இன்னொரு நாளில் தரைவழியாகப் போய்ப் பாருங்கள்.

அடுத்து வெள்ளைக் கடற்கரை. இங்கே முதல் நீச்சலை வைத்துக்கொள்ளலாம். நீச்சல் தெரியாதவர்களுக்கு இதுதான் நல்ல இடம், அல்லது அடுத்து வரும் மேசா பிகாடியா. வடக்குக் காற்று அடிக்கும்போது இந்தத் தெற்குக் கரையைத் தீவே மறைத்து நிற்கும், அலை குறைவு. லைஃப் ஜாக்கெட்டைப் போட்டு, மிதக்க உதவும் நுரைக் குழாய் ஒன்றைக் கையிடுக்கில் வைத்துக்கொண்டு, பின்பக்க ஏணி வழியாக இறங்குங்கள். குதிக்க வேண்டாம். ஏணியைப் பிடித்தபடியே இரண்டு நிமிடம் தொங்கினால் பயம் போய்விடும். இந்தக் கடல் உப்பு அதிகம், நம்மைத் தூக்கித்தான் பிடிக்கும். கிணற்றில் நீச்சல் பழகிய அப்பா அறுபத்தெட்டு வயதில் மல்லாந்து மிதந்தார். அம்மா ஏணியின் கடைசிப் படியில் உட்கார்ந்து காலை நனைத்துக்கொண்டு, போதும் மேலே வாங்க என்று அவரை இருபது நிமிடம் கூப்பிட்டுக்கொண்டிருந்தார்.

அந்த வழியிலேயே 'இந்தியன் பாறை' என்று ஒன்றைக் காட்டுவார்கள். நமக்கும் அதற்கும் சம்பந்தமில்லை, அமெரிக்கப் பழங்குடித் தலைவரின் பக்கவாட்டு முகம் போலிருப்பதால் அந்தப் பெயர். பிறகு 1892-இல் கட்டிய அக்ரோத்திரி கலங்கரை விளக்கம். அந்த முனையைத் திரும்பியதும் காற்று முகத்தில் அறையும். அப்போது யாரும் நின்றுகொண்டிருக்கக் கூடாது.

கால்டெராவுக்குள்

திரும்பியதும் எரிமலையின் வயிற்றுக்குள் வந்துவிட்டீர்கள். அக்ரோத்திரியைப் புதைத்த அந்தப் பழைய வெடிப்பில் மலை உள்ளே சரிந்து, கடல் புகுந்த பள்ளம் இது. சுற்றிலும் 300 மீட்டர் உயரத்துக்குச் சுவர், காலுக்கடியில் ஏறக்குறைய 390 மீட்டர் ஆழம். பெரிய கப்பல்கள் நங்கூரம் போட முடியாமல் நிற்பதற்குக் காரணம் இந்த ஆழம்தான். 2007 ஏப்ரலில் 'சீ டைமண்ட்' என்ற சொகுசுக் கப்பல் இதற்குள்தான் பாறையில் மோதி மூழ்கியது, பிரெஞ்சுப் பயணிகள் இருவர் கிடைக்கவே இல்லை.

சுவரின் மேல்பகுதியில் வெண்சாம்பல் நிறத்தில் ஓர் அடுக்கு தெரியும், மேலே தயிர் ஊற்றினது போல. அதுதான் அந்த வெடிப்பின் சாம்பலும் நுரைக்கல்லும். தண்ணீரில் இறுகும் சிமெண்டுக்காக இதை வெட்டியெடுத்து சூயஸ் கால்வாய் வேலைக்குக் கப்பலேற்றினார்கள். வெட்டிய தழும்புகள் இன்னும் இருக்கின்றன, படகோட்டியிடம் காட்டச் சொல்லுங்கள். சுவரை ஒட்டிப் போகச் சொல்லி மட்டும் அவரை வற்புறுத்தாதீர்கள். 2025 பிப்ரவரியில் நாள் கணக்கில் நிலம் அதிர்ந்து ஆயிரக்கணக்கானோர் தீவை விட்டுப் போனார்கள். கல் உருளும் சுவர் இது என்று படகோட்டிகளுக்குத் தெரியும்.

நடுவில் இருக்கும் கறுப்புத் தீவுகள் இரண்டு: பாலேயா கமேனி, நேயா கமேனி. பழைய எரிந்தது, புதிய எரிந்தது என்று பொருள். புதியது 1707-இல் கடலிலிருந்து தலைகாட்டத் தொடங்கியது, கடைசியாக 1950-இல் வெடித்தது. அதன் மேல் ஏறி எரிமலை வாயைப் பார்க்க வேண்டும் என்றால் பழைய துறையிலிருந்து போகும் பெரிய படகுகள்தான் வழி. தனிக் கட்டமரான்கள் பொதுவாக அங்கே இறக்கிவிடுவதில்லை.

வெந்நீர் ஊற்று என்ற பெயரை நம்பி

எல்லாரும் ஆசையோடு காத்திருப்பது இதற்குத்தான், ஏமாறுவதும் இதில்தான். பாலேயா கமேனியில் அய்யோஸ் நிக்கோலாஸ் என்ற சின்ன வெள்ளைத் தேவாலயம் உள்ள ஒடுங்கிய வளைகுடா. குற்றாலம் மாதிரியோ, வெந்நீர்த் தொட்டி மாதிரியோ எதிர்பார்க்காதீர்கள். தண்ணீர் வெதுவெதுப்பு, குழந்தையைக் குளிப்பாட்டுகிற சூடு, அவ்வளவுதான். படகு உள்ளே போகாது. வெளியே நின்றுகொள்ளும். ஆழமான குளிர் தண்ணீரில் ஐம்பது மீட்டர் வரை நீந்திப்போக வேண்டும், திரும்பியும் வர வேண்டும். நீச்சல் தெரியாதவர்கள் போக வேண்டாம். ஜாக்கெட் போட்டாலும் எதிர்க் காற்றில் திரும்பி வர மூச்சு வாங்கும். மகளை நான் விடவில்லை, அரை மணி நேரம் என்னோடு பேசவில்லை.

உள்ளே போகப் போகத் தண்ணீரின் நிறம் நீலத்திலிருந்து பச்சை, பச்சையிலிருந்து காவி. கந்தக வாடை வரும். காலை ஊன்றினால் களிமண் சேறு. முகத்தில் பூசிக்கொண்டு படம் எடுப்பார்கள், கண்ணில் படாமல் பார்த்துக்கொள்ளுங்கள். இரும்புச் சத்துள்ள இந்தத் தண்ணீர் வெளிர் நிறத் துணியில் துருக்கறை ஏற்றிவிடும், அதனால்தான் அடர் நிற உடை என்றேன். இன்னொன்றை எந்த விளம்பரமும் நமக்குச் சொல்லாது. கொலுசு, மெட்டி, வெள்ளி அரைஞாண் எல்லாவற்றையும் கழற்றிப் படகில் வைத்துவிடுங்கள். கந்தகம் பட்டால் வெள்ளி கறுத்துவிடும்.

இங்கே ஒரு பேரம் உண்டு. பெரிய படகுகள் நூற்றுக்கணக்கானோரைக் கொண்டுவந்து கொட்டும் நேரம் படகோட்டிக்குத் தெரியும். கூட்டம் இருந்தால் முதலில் சாப்பிட்டுவிட்டு அப்புறம் வரலாமா என்று கேளுங்கள். உங்கள் குடும்பத்தில் யாரும் நீந்தப் போவதில்லை என்றால் ஊற்றை அப்படியே விட்டுவிட்டு, அந்த நேரத்தை திராசியா என்ற பக்கத்துத் தீவுக்கு அருகே அமைதியான தண்ணீரில் செலவழியுங்கள். பகிர்வுப் படகில் இதைச் சொல்ல முடியாது.

சாப்பாடு

படகின் பின்பக்க அடுப்பில் சுட்டுத் தருவார்கள். எங்களுக்கு வந்தது: கத்திரிக்காயும் குடமிளகாயும் சுட்டது, அரிசி அடைத்த திராட்சை இலைச் சுருள், தக்காளியும் வெள்ளரியும் ஃபெட்டா பாலாடைக்கட்டியும் போட்ட சாலட், ஃபாவா. ஃபாவா என்பது மஞ்சள் பருப்பை மசித்து ஆலிவ் எண்ணெய் ஊற்றியது. பருப்பு, பூண்டுதான் இல்லை என்றார் அம்மா. அந்தப் பூண்டு ஜாட்ஸிகியில் இருந்தது. ஒரு வாய் போட்டுப் பார்த்துவிட்டு, வெள்ளரிக்காய்ப் பச்சடியில் யார் பூண்டு போட்டது என்று கேட்டார். கையோடு கொண்டுவந்திருந்த தயிர்சாதத்தில் ஒரு கரண்டி படகோட்டிக்கும் போனது. வேண்டாம் என்று சொல்லத் தெரியாமல் வாங்கினார், இரண்டாவது கரண்டி அவரே கேட்டார்.

வெள்ளை ஒயின் தாராளமாக ஊற்றுவார்கள், அசிர்த்திகோ என்ற அந்தத் தீவுத் திராட்சை பேர்போனது. குடிக்கிறவர்கள் கடைசி நீச்சல் முடியும்வரை பொறுங்கள்.

இறங்கும்போது

மாலைப் பயணம் என்றால் ஓயாவுக்குக் கீழே படகை நிறுத்தி அஸ்தமனம் காட்டுவார்கள். மற்ற படகுகளும் அங்கேதான் நிற்கும், கொஞ்சம் தள்ளி நிறுத்தச் சொல்லுங்கள். பணிவிடை நன்றாக இருந்தால் படகோட்டிக்கும் உதவியாளருக்கும் சேர்த்துப் பத்து சதவீதம் வாக்கில் ரொக்கமாகக் கொடுப்பது வழக்கம், கட்டாயமில்லை. 'எஃப்காரிஸ்டோ' என்றால் நன்றி.

அம்மூதியில் முடிகிறது என்றால் அங்கிருந்து ஓயா வரை செங்குத்தான படிகள். உப்புத் தண்ணீரில் ஊறிய காலோடு வயதானவர்களை அதில் ஏற்றாதீர்கள், வண்டி கீழேயே வருமா என்று காலையிலேயே உறுதி செய்துகொள்ளுங்கள்.

அறைக்குப் போனதும் உடைகளை உடனே நல்ல தண்ணீரில் அலசுங்கள். என் வெள்ளை டீ ஷர்ட்டில் ஏறிய காவி இன்றுவரை போகவில்லை. மனைவி மெட்டியைக் கழற்ற மறந்துபோய் ஊற்றில் இறங்கியிருந்தாள், அடுப்புக்கரி மாதிரி ஆகிவிட்டது. அம்மா தன் கைப்பையிலிருந்து விபூதிப் பொட்டலத்தை எடுத்து, இரண்டு சொட்டுத் தண்ணீர் விட்டு, பழைய பல் துலக்கும் பிரஷால் தேய்த்தார். பத்து நிமிடத்தில் பளபளவென்று வந்துவிட்டது.